ஓடிஜி கதவுக் கண்ணாடியின் உட்புறக் கறையை வீட்டுப் பொருள்களால் எடுப்பது எப்படி?

கேள்வி இதுதான்: சில ஆண்டுகளாகப் பயன்பாட்டில் உள்ள ஓடிஜி (ஓவன், டோஸ்டர், கிரில் மூன்றும் சேர்ந்த மின் பெட்டி) ஓவனின் கதவுக் கண்ணாடி, கேக் எழும்புகிறதா என்று எட்டிப் பார்க்கக்கூட முடியாத அளவுக்கு உட்புறம் பழுப்பேறிவிட்டது, ஆப்ப சோடாவையும் வினிகரையும் ஒன்றாகக் கலந்து பூசியபோது நுரை பொங்கியதே தவிர கறை அசையவில்லை, இனிக் கம்பி நாரைக் கொண்டு தேய்த்துவிடலாமா? கம்பி நார் வேண்டாம் என்பது உடனடிப் பதில். சோடா சரியான பொருள்தான். அதனுடன் வினிகரைச் சேர்த்ததும், பூசிய பிறகு போதிய நேரம் காத்திருக்காததும்தான் பலன் கிடைக்காமல் போனதற்குக் காரணங்கள்.

அந்தப் பழுப்புப் படலம் வெறும் எண்ணெய்ப் பிசுக்கு அன்று. கோழியையோ பனீரையோ கிரில் செய்யும்போது கொழுப்பு நுண்துளிகளாகத் தெறிக்கிறது. கொஞ்சம் புகையாகவும் எழுகிறது. ஓவனின் மற்றச் சுவர்களைவிடக் கதவுக் கண்ணாடி சற்றுக் குளிர்ச்சியாக இருப்பதால், மிதந்து திரியும் எண்ணெய் அங்கே எளிதாகப் படிகிறது. அன்றே துடைத்துவிட்டால் அது எண்ணெய்தான். சோப்பு நீரே போதும். துடைக்காமல் விட்டு அடுத்த முறை 200 டிகிரிக்குச் சூடாக்கும்போது, எண்ணெய் மூலக்கூறுகள் காற்றிலுள்ள ஆக்சிஜனின் துணையோடு ஒன்றுடன் ஒன்று பிணைந்து, கெட்டியான வார்னிஷ் போன்ற படலமாக மாறிவிடுகின்றன. புதிய இரும்புத் தோசைக்கல்லைப் பழக்கும்போது நாம் வேண்டுமென்றே நடத்துவதும் இதே வேதிவினைதான். கல்லில் ஒட்டிக்கொள்ள வேண்டும் என்று விரும்புவது கண்ணாடியில் ஒட்டியிருப்பதுதான் இங்கே சிக்கல். எந்த எண்ணெயைப் பயன்படுத்துகிறீர்கள் என்பதற்கும் இதில் பங்குண்டு. நிறைவுறாத கொழுப்பு மிகுந்த சூரியகாந்தி எண்ணெய் விரைவாக இப்படிப் பிணைந்து இறுகும். நிறைவுற்ற கொழுப்பு மிகுந்த தேங்காய் எண்ணெயும் நெய்யும் அவ்வளவு எளிதில் இறுகுவதில்லை. பேக்கிங் தட்டின் விளிம்பில் மஞ்சளாகப் பசைபோல் ஒட்டி, எவ்வளவு தேய்த்தாலும் போகாமல் அடம்பிடிப்பது பெரும்பாலும் சூரியகாந்தி போன்ற எண்ணெயின் வேலையாகவே இருக்கும்.

இப்படி இறுகிய படலத்தைக் கரைக்கக்கூடியது காரம், அமிலம் அன்று. காரம், கொழுப்பை மெல்ல மெல்லச் சோப்பாக மாற்றி நீரில் கலக்க வைக்கிறது. கடையில் விற்கும் ஓவன் கிளீனர்கள் பலவற்றில் காஸ்டிக் சோடா இருப்பது இதனால்தான். நம் சமையலறையில் கிடைக்கும் ஆப்ப சோடாவும் காரமே என்றாலும் மிக மென்மையானது. அதன் கரைசலின் பி.எச். மதிப்பு (7-ஐத் தாண்டிக் கூடக் கூடக் காரம் வலுவானது என்று பொருள்) 8.3-ஐ ஒட்டியே இருக்கும். சலவை சோடாவுக்கு அது 11 அளவில் இருக்கும். ஆகவே ஆப்ப சோடா ஐந்து நிமிடத்தில் எதையும் செய்துவிடாது. அது வேலை செய்ய வேண்டுமானால் கறையின் மேல் பல மணி நேரம், அதுவும் ஈரம் காயாமல், ஒட்டிக்கொண்டிருக்க வேண்டும். செய்முறையில் வரும் ஒவ்வொரு படியும் இந்த ஒரு தேவையைச் சுற்றியே அமைந்திருக்கிறது. பேக்கிங் பவுடர் இதற்கு உதவாது என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுகிறேன். அதில் சோடாவுடன் அமிலப் பொடியும் மாவுப்பொருளும் முன்கூட்டியே கலந்திருப்பதால், தண்ணீர் பட்டதும் பொங்கி அடங்கிவிடும்.

இனி வினிகர் விவகாரம். இணையக் காணொளிகளில் சோடாவின் மேல் வினிகரை ஊற்றியதும் நுரை பொங்கும் காட்சி பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது. அந்தக் காட்சிக்காகவே இந்த முறை இவ்வளவு பரவியது என்று எனக்குத் தோன்றுகிறது. நடப்பது என்னவென்றால், காரமும் அமிலமும் ஒன்றையொன்று சமன்செய்து, சோடியம் அசிடேட் என்ற உப்பும் நீரும் கரியமில வாயுவும் உண்டாகின்றன. அந்த வாயுதான் நுரை. உப்புக்கரைசலுக்குக் கறை நீக்கும் வலிமை அநேகமாக இல்லை. கணக்கிட்டுப் பார்த்தால், 4 சதவீத அசிட்டிக் அமிலம் கொண்ட வினிகர் 100 மில்லி, ஏறத்தாழ 5.6 கிராம் சோடாவைச் செயலிழக்கச் செய்யும். அதாவது ஒரு டீஸ்பூனைவிடச் சற்றுக் கூடுதல். மூன்று மேசைக்கரண்டிச் சோடாவைக் குழைத்துப் பூசியிருந்தால் அதன் பெரும்பகுதி அப்படியே மிஞ்சும் என்பது உண்மைதான். ஆனால் ஊற்றிய வினிகர் அந்தப் பசையை நீர்க்கச் செய்து, கண்ணாடியிலிருந்து வழிந்தோட வைத்துவிடுகிறது. கறையின் மேல் தங்கியிருக்க வேண்டிய பொருள் தட்டின் அடியில் தேங்கி நின்றால் யாருக்கு என்ன பயன்? வினிகருக்கும் ஒரு வேலை உண்டு. அது கடைசியில் வரும்.

தேவையான பொருள்கள் எளியவை. ஆப்ப சோடா மூன்று மேசைக்கரண்டி, தண்ணீர் ஒரு மேசைக்கரண்டி, பாத்திரம் கழுவும் திரவம் சில துளிகள். ஓடிஜியின் கதவுக்கு இது போதும். பெரிய ஓவனாக இருந்தால் இதே விகிதத்தில் கூட்டிக்கொள்ளலாம். தோசை மாவுபோல் ஓடக்கூடாது. கரண்டியைச் சாய்த்தாலும் வழியாமல் நிற்கும் பதம் வேண்டும். சோப்புத் திரவத்துக்குப் பதிலாகப் பாத்திரம் தேய்க்கும் சோப்புக்கட்டியையோ பொடியையோ போட வேண்டாம், ஏனென்றால் அவற்றில் தேய்ப்பதற்கென்றே கனிமத் தூள் கலந்திருக்கும். தேய்ப்பதற்குத் தேங்காய் நாரோ, காய்ந்த பீர்க்கங்கூடோ மிகப் பொருத்தம். இரண்டும் கண்ணாடியைவிட மிருதுவானவை, ஆனாலும் பிடிப்பு உள்ளவை. நாரில் மண் ஒட்டியிருக்கிறதா என்று மட்டும் ஒருமுறை அலசிப் பார்த்துக்கொள்ள வேண்டும். இவற்றுடன் ஒரு பழைய பருத்தி வேட்டித் துண்டு, ஒரு பிளாஸ்டிக் உறை, காலாவதியான ஒரு பிளாஸ்டிக் அட்டை.

தொடங்குவதற்கு முன் ஓவனின் பிளக்கைச் சுவரிலிருந்து பிடுங்கி எடுத்துவிட வேண்டும். சுவிட்சை அணைத்தது மட்டும் போதாது. கறை மிகவும் பழையதாக இருந்தால், அதற்கும் முன்னதாக, ஓவனில் வைக்கத்தக்க ஒரு கிண்ணத்தில் இரண்டு டம்ளர் தண்ணீர் வைத்து, 120 டிகிரியில் அரை மணி நேரம் ஓட விடலாம். உள்ளே நிறையும் நீராவி படலத்தின் மேற்பகுதியை இளக்கும். பிறகு அணைத்து, பிளக்கை எடுத்து, கண்ணாடி கை பொறுக்கும் வெதுவெதுப்புக்கு வரும்வரை காத்திருக்க வேண்டும். சூடான கண்ணாடியின் மேல் பசையைப் பூசினால் அது நொடியில் காய்ந்து சுண்ணாம்புபோல் ஒட்டிக்கொள்ளும். குளிர்ந்த நீர் திடீரெனப் படுவதும் கண்ணாடிக்கு நல்லதன்று.

பெரும்பாலான ஓடிஜிகளின் கதவு கீழ்நோக்கித் திறந்து, ஏறக்குறையக் கிடைமட்டமாக நிற்கும். இது நமக்கு வசதி, ஏனெனில் படுக்கைவாட்டில் உள்ள கண்ணாடியில்தான் பசை நகராமல் நிற்கும். ஆனால் ஓடிஜி எடை குறைந்த கருவி. திறந்த கதவின் மேல் கையை ஊன்றித் தேய்த்தால் மொத்தப் பெட்டியும் முன்பக்கம் கவிழ்ந்துவிடக்கூடும். கவிழாவிட்டாலும் கீல் வளைந்து, பின்னர் கதவு சரியாக மூடாது. எனவே கதவின் அடியில் அதே உயரத்துக்குச் சில புத்தகங்களையோ மரப்பலகையையோ முட்டுக் கொடுத்துவிட்டு வேலையைத் தொடங்க வேண்டும். தட்டு, கம்பி வலை ஆகியவற்றை எடுத்துவிட்டு, உதிர்ந்த துணுக்குகளைப் பெருக்கிவிட்டு, உள்ளேயுள்ள வெப்பக் கம்பிகளின் மேல் சோடா படாதபடி ஒரு துணியைப் போட்டு மூடிவைப்பதும் நல்லது.

முதல் துடைப்பு, சோப்பு கலந்த வெந்நீரில் நனைத்துப் பிழிந்த துணியால். இதைத் தவிர்ப்பவர்கள் பலர். ஆனால் மேலே புதிய எண்ணெய் பளபளவென்று இருக்கும்போது சோடாப் பசை கறையைத் தொடவே முடியாது. எண்ணெய் போன பிறகு, பசையை ஒரு நெல்மணிக் கனத்துக்குச் சீராகப் பரப்ப வேண்டும். விளிம்பிலிருந்து அரை அங்குலம் விட்டுவிடுங்கள். கீல்களிலும், கதவைச் சுற்றிய அடைப்புப் பட்டையிலும் சோடா புகுந்துகொண்டால் அதை எடுப்பது தனி வேலையாகிவிடும். பூசியதன் மேல் ஈரத்துணியைப் போர்த்தி, அதன் மேல் பிளாஸ்டிக் உறையை விரித்துவிட்டால் ஈரம் காயாது. கதவு கிடைமட்டமாக நிற்காத மாதிரியாக இருந்தால், டிஷ்யூ தாளைப் பசையில் தோய்த்துக் கண்ணாடியில் ஒட்டிவிடலாம். தாள் பசையைப் பிடித்து வைத்துக்கொள்ளும்.

லேசான பழுப்பாக இருந்தால் ஒரு மணி நேரம் போதும். உள்ளே இருப்பது தெரியாத அளவுக்கு இறுகியிருந்தால் இரவு முழுவதும் விட வேண்டும். காலையில் உறையை எடுக்கும்போது வெள்ளையாகப் பூசிய பசை பழுப்பு நிறம் ஏறியிருந்தால், அது வேலை செய்திருக்கிறது என்று பொருள். பசை இன்னும் ஈரமாக இருக்கும்போதே தேங்காய் நாரால் வட்டம் வட்டமாகத் தேய்க்க வேண்டும். அழுத்தம் தேவையில்லை. சோடாவின் துகள்களே மென்மையான தேய்ப்பானாக உதவும். கண்ணாடியின் கடினத்தில் பாதியளவு கடினமே அவற்றுக்கு உண்டு என்பதால் கீறல் விழாது. கட்டியாக ஒட்டியிருக்கும் இடங்களைப் பிளாஸ்டிக் அட்டையின் விளிம்பைச் சாய்வாக வைத்துத் தள்ளினால் செதில் செதிலாக உரியும். துடைத்துவிட்டுப் பாருங்கள். மிச்சம் இருந்தால், அதே இடத்தில் இன்னொரு முறை பூசிக் காத்திருப்பது, இருமடங்கு வலுவாகத் தேய்ப்பதைவிட நல்ல பலன் தரும்.

இப்போது வினிகரின் முறை. சோடாவை எவ்வளவு துடைத்தாலும் உலர்ந்ததும் வெண்புகை போன்ற படலம் தெரியும். வினிகரில் சம அளவு தண்ணீர் கலந்து, துணியில் நனைத்துத் துடைத்தால் அந்த வெண்மை கரைந்துவிடும். நேரடியாகத் தெளிக்க வேண்டாம். கதவின் இடுக்குகளுக்குள்ளும், பக்கத்திலுள்ள குமிழ்களின் பின்னாலும் நீர் புகக்கூடும். மேடை கடப்பைக் கல்லாக இருந்தால் கூடுதல் கவனம் வேண்டும், ஏனெனில் அது சுண்ணாம்புக்கல் வகை; வினிகர் சிந்திய இடம் பளபளப்பு இழந்து மங்கிவிடும். பளிங்குக்கும் அதே கதிதான். கடைசித் துடைப்புக்கு வடிகட்டிய குடிநீரைப் பயன்படுத்துவது நல்லது. ஆழ்துளைக் கிணற்று நீர் உப்பாக இருக்கும் வீடுகளில், அந்த நீரே புதிய வெள்ளைப் புள்ளிகளை விட்டுச் சென்றுவிடும். பின்பு கதவைச் சற்று நேரம் திறந்தே வைத்து நன்றாக உலர்ந்ததும், சன்னலைத் திறந்துவிட்டு, வெறும் ஓவனை 150 டிகிரியில் பத்து நிமிடம் ஓட்டினால் எஞ்சிய வாடையும் போய்விடும்.

வினிகரால் துடைத்த பிறகும் நீங்காத பால்நிற மங்கல் இருந்தால், அது கறையாக இல்லாமல் கண்ணாடியே அரிக்கப்பட்டதாக இருக்கலாம். நனைத்தால் மறைந்து, உலர்ந்தால் திரும்ப வருவது அதன் அடையாளம். முன்பு கடுமையான காரக் கிளீனரைப் போட்டுத் துடைக்காமல் விட்டு ஓவனைச் சூடாக்கியிருந்தால் இப்படி ஆகும். அதற்கு வீட்டு வைத்தியம் கிடையாது. பயன்பாட்டுக்கு எந்தக் கெடுதலும் இல்லை என்பதால் விட்டுவிடலாம்.

கம்பி நாரை ஏன் மறுத்தேன் என்பதற்கு வருகிறேன். ஓவன் கதவில் இருப்பது பெரும்பாலும் பதப்படுத்திய கண்ணாடி. 600 டிகிரிக்கு மேல் சூடாக்கிச் சட்டென்று காற்றால் குளிர்வித்து அதைச் செய்கிறார்கள். அதன் மேற்பரப்பு இறுக்கத்திலும் உட்பகுதி இழுவிசையிலும் நிலைத்திருப்பதுதான் அதன் வலிமை. மேற்பரப்பில் விழும் கீறல் அந்த இறுக்கமான அடுக்கைத் தாண்டி ஆழமாகப் போனால், பிறிதொரு நாள் சூடேறும்போதோ கதவை வேகமாகச் சாத்தும்போதோ மொத்தக் கண்ணாடியும் சிறு துண்டுகளாக நொறுங்கிவிடும். சொரசொரப்பான கிளீனர்களையும் கூரிய உலோகச் சுரண்டிகளையும் கதவுக் கண்ணாடியில் பயன்படுத்தக் கூடாது என்று ஓவன்களின் கையேடுகளில் தனியே எச்சரிக்கை அச்சிடப்படுவது இதனால்தான். பிளேடால் சுரண்டிச் சில நிமிடங்களில் பளிச்சென்று ஆக்கிக் காட்டுபவர்கள் உண்டு. அது வேலை செய்யாது என்று நான் சொல்லவில்லை, பின்னால் வரக்கூடிய ஆபத்துக்கு அந்த அவசரம் ஈடாகாது என்றே சொல்கிறேன். பலரும் கவனிக்காத இன்னொன்று, பாத்திரம் தேய்க்கும் பச்சை நிற ஸ்க்ரப்பர். துணிபோல் மெத்தென்று தெரிந்தாலும், அவற்றில் பலவற்றின் இழைகளில் அலுமினியம் ஆக்சைடு போன்ற, கண்ணாடியைவிட மிகக் கடினமான துகள்கள் ஒட்டப்பட்டிருக்கும். அடுப்புச் சாம்பலும் அப்படியே. அதில் காரம் உண்டு, பாட்டி காலத்தில் பித்தளையும் எவர்சில்வரும் அதில்தான் மின்னின. ஆனால் கூடவே மணலும் வரும், மணல் கண்ணாடியைக் கீறும். எலுமிச்சையும் புளியும் அமிலங்கள் என்பதால் உப்புக்கறைக்கு உதவுமே தவிர, எரிந்த எண்ணெய்க்கு உதவா. சீயக்காய்ப் பொடி புதிய எண்ணெய்ப் பிசுக்கை நன்றாக எடுக்கும். இறுகிய படலத்தை எடுக்காது.

ஆப்ப சோடாவை இரண்டு மூன்று முறை போட்டும் போகாத கறைக்கு, ஒரு படி வலுவான சலவை சோடாவை முயலலாம். கடையில் கிடைக்காவிட்டால் அதே ஓவனிலேயே செய்துகொள்ளலாம் என்பது எனக்குப் பிடித்த செய்தி: ஆப்ப சோடாவை எஃகுத் தட்டில் மெல்லிய படுகையாகப் பரப்பி, 200 டிகிரியில் ஒரு மணி நேரம் வைத்தால், நீராவியும் கரியமில வாயுவும் வெளியேறி அது சலவை சோடாவாக மாறிவிடும். 100 கிராம் போட்டால் ஏறத்தாழ 63 கிராம் கிடைக்கும். இதைக் கையாளும்போது ரப்பர் கையுறை கட்டாயம். தோலையும் கண்ணையும் எரிக்கக்கூடியது. கண்ணாடியின் மேல் மட்டுமே பூச வேண்டும். ஓடிஜிகளின் உட்சுவர் பல மாதிரிகளில் அலுமினியம் அல்லது துத்தநாகம் பூசிய தகடாக இருக்கும். வலுவான காரம் அந்த உலோகங்களை அரித்துக் கருக்க வைத்துவிடும். அதே காரணத்துக்காக, காஸ்டிக் சோடா கலந்த கடைக் கிளீனரை ஓடிஜிக்குள் தெளிப்பதையும் நான் பரிந்துரைக்க மாட்டேன். எந்த நிலையிலும் பிளீச்சிங் திரவத்தை வினிகருடனோ, அம்மோனியா கலந்த கண்ணாடித் துடைப்பானுடனோ சேர்க்கக் கூடாது. இரண்டு சேர்க்கையிலும் நச்சு வாயு உண்டாகும்.

சில பெரிய ஓடிஜிகளிலும், சுவரில் பதிக்கும் ஓவன்களிலும், வெளிநாட்டு வீடுகளில் அடுப்போடு சேர்ந்து நிற்கும் பெரிய ஓவன்களிலும் கதவில் இரண்டு, மூன்று கண்ணாடிகள் அடுக்காக இருக்கும். வெளிக்கண்ணாடி சூடேறாமல் இருக்க, இடையில் காற்றோடும்படி மேலும் கீழும் இடைவெளி விட்டிருப்பார்கள். அந்த வழியாகத்தான் எண்ணெய் உள்ளே வழிந்து, எங்கிருந்து துடைத்தாலும் எட்டாத கோடாக நிற்கிறது. கையேட்டில் கதவைக் கழற்றும் முறை கொடுக்கப்பட்டிருந்தால் மட்டுமே அதில் இறங்க வேண்டும். கீலில் வலுவான சுருள்வில் இருக்கும். அதன் பூட்டைப் போடாமல் கதவை எடுத்தால் கீல் சடாரென்று மடங்கி விரலை நசுக்கிவிடும். உட்கண்ணாடிகளை எடுக்கும் முன் எது எந்தப் பக்கம் நோக்கியிருந்தது என்று படம் எடுத்துக்கொள்ளுங்கள். சிலவற்றில் வெப்பத்தைத் திருப்பி அனுப்பும் மெல்லிய பூச்சு இருக்கும். அந்தப் பூச்சின் மேல் சோடாப் பசையும் வேண்டாம், சோப்பு நீரும் மென்துணியும் மட்டும் போதும். கழற்ற முடியாத கதவாக இருந்து, கீழே இடைவெளி மட்டும் இருந்தால், நீளமான மரச்சட்டத்தில் ஈரத்துணியைச் சுற்றி உள்ளே விட்டுத் துடைக்கலாம். முழுவதும் போகாது, பாதியாவது போகும்.

மைக்ரோவேவ் ஓவனின் கதவுக்கு இவ்வளவும் தேவைப்படாது. அதன் உட்சுவர்கள் 200 டிகிரிக்குச் சூடாவதில்லை என்பதால் எண்ணெய் இறுகுவது குறைவு. கிண்ணத்தில் தண்ணீரும் எலுமிச்சைத் துண்டுகளும் போட்டு, தண்ணீர் கொதிக்காமலே அளவுக்கு மீறிச் சூடேறித் திடீரெனப் பொங்காமல் இருக்க ஒரு மரக்கரண்டியும் வைத்து, மூன்று நான்கு நிமிடம் சூடாக்கி, அப்படியே ஐந்து நிமிடம் மூடி வைத்த பின் துடைத்தால் போதும். கதவின் அடைப்பு விளிம்பையும், உள்ளேயுள்ள உலோக வலையையும் சுரண்டக் கூடாது. நுண்ணலைகள் வெளியே வராமல் தடுப்பவை அவைதான். கன்வெக்‌ஷன் வசதியுள்ள மைக்ரோவேவில் கோழி கிரில் செய்பவர்களுக்கு மட்டும் மேலே சொன்ன சோடா முறை தேவைப்படலாம்.

சுத்தம் செய்த பிறகு மீண்டும் இந்த நிலைக்கு வராமல் இருக்க, ஒவ்வொரு கிரில்லுக்குப் பின்னும் கண்ணாடி வெதுவெதுப்பாக இருக்கும்போதே ஒருமுறை ஈரத்துணியால் துடைப்பதுதான் வழி. கம்பி வலையில் நேரடியாக வாட்டும்போது கீழே ஒரு தட்டில் கால் அங்குலம் தண்ணீர் வைத்தால், சொட்டும் கொழுப்பு எரிந்து புகையாவது வெகுவாகக் குறையும். மசாலா தடவிய கறியில் எண்ணெய் சொட்டச் சொட்ட இருந்தால், ஓவனில் வைக்கும் முன் வடியவிட்டு வையுங்கள். கண்ணாடியின் ஓரங்களில் தேன்நிறத்தில் சில கோடுகள் மிஞ்சியிருந்தால் அவற்றை விட்டுவிடலாம். கேக் எழும்புவதைப் பார்க்க நடுக்கண்ணாடி தெளிவாக இருந்தாலே போதும்.